பொட்டு எண்ணும் கார்

எழிலரசிக்கும் சூரியபிரகாஷுக்கும் அந்த வாரம் முழுக்கத் தலைகால் புரியவில்லை. அதற்குக் காரணம் ஒரு ஷூ பெட்டி.

வெறும் பெட்டி என்று நினைத்துவிடாதீர்கள். எழிலின் அம்மா சங்கீதா ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனியில் தைக்கிறார். அவர் கொண்டுவந்து கொடுத்த கெட்டியான அட்டைப்பெட்டி அது. அதற்கு நான்கு சக்கரம் வைத்து, உள்ளே மோட்டார் பூட்டி, மனோரமா டீச்சரின் பழைய செல்போனை முன்பக்கம் கண்ணாகப் பொருத்தியிருந்தார்கள். டிரைவர் இல்லாமல் தானாக ஓடும் கார்! சனிக்கிழமை வேலூரில் நடக்கும் அறிவியல் கண்காட்சிக்குப் புளியந்தாங்கல் பள்ளியிலிருந்து போகப்போவது அந்தக் கார்தான்.

காருக்கு மனிதர்களை எப்படி அடையாளம் காட்டுவது? அதற்கும் எழில் ஒரு வழி கண்டுபிடித்தாள். களிமண்ணில் குட்டி பொம்மைகள் செய்தாள். ஒவ்வொரு பொம்மையின் நெற்றியிலும் அம்மாவின் ஸ்டிக்கர் பொட்டு ஒன்றை ஒட்டினாள். செல்போன் பொட்டுகளை எண்ணும். ஒரு பொட்டு என்றால் ஓர் ஆள்.

"மீசை வெச்ச பொம்மைக்கும் பொட்டா?" என்று சூர்யா விழுந்து விழுந்து சிரித்தான்.

"காருக்கு மீசையெல்லாம் தெரியாதுடா. பொட்டுதான் தெரியும்" என்றாள் எழில்.

எல்லாம் சரியாகத்தான் போய்க்கொண்டிருந்தது. புதன்கிழமை மனோரமா டீச்சர் ஒரு கேள்வி கேட்டார். அதில்தான் வந்தது வினை.

"உங்க கார் வேகமா போகுது. திடீர்னு ரோட்ல ஆளுங்க வந்துட்டாங்க. பிரேக் போட்டாலும் நிக்காது. இடது பக்கமும் ஆள் இருக்காங்க, வலது பக்கமும் இருக்காங்க. கார் எந்தப் பக்கம் திரும்பணும்?"

"டிரைவர் பாத்துப்பார் டீச்சர்" என்றான் சூர்யா.

"டிரைவர்தான் இல்லையே! அதனால அதை முன்னாடியே நீங்கதான் எழுதிவைக்கணும்."

சூர்யா ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. "இது இன்னா பெரிய விஷயம்? எந்தப் பக்கம் ஆள் கம்மியோ, அந்தப் பக்கம்!"

எழிலும் தலையாட்டினாள். ஐந்து பேர் பிழைப்பது நல்லதா, ஒருவர் பிழைப்பது நல்லதா? ஒன்றாம் வகுப்புப் பிள்ளைகூடச் சொல்லிவிடும். இருவரும் பள்ளிக் கணினியில் உட்கார்ந்து, 'பொட்டு குறைவாக உள்ள பக்கம் திரும்பு' என்று எழுதிக் காருக்கு அனுப்பினார்கள்.

மறுநாள் மதியம் வராந்தாவில் சோதனை நடந்தது. சூர்யா கைக்கு வந்த பொம்மைகளை எடுத்து இடது பக்கம் ஐந்தும் வலது பக்கம் ஒன்றும் வைத்தான். கார் விர்ரென்று வந்தது. பொட்டுகளை எண்ணியது. டக்கென்று வலது பக்கம் திரும்பி, தனியாக நின்ற பொம்மையை இடித்துத் தள்ளியது. பொம்மை உருண்டு பெஞ்சுக்கு அடியில் போய் விழுந்தது.

"சூப்பர்! சொன்னபடியே செய்யுது!" என்று சூர்யா குதித்தான்.

எழில் பெஞ்சுக்கு அடியில் கையை விட்டுப் பொம்மையை எடுத்தாள். நீலக் கோட்டு. தோளில் சாப்பாட்டுப் பை. கம்பெனி வேலைக்குப் போகும் பெண்கள் புடவைக்கு மேல் போட்டுக்கொள்ளும் கோட்டு அது. இரவு உட்கார்ந்து ஆசை ஆசையாக வண்ணம் பூசியது அவள்தான்.

"சூர்யா, இது எங்க அம்மா."

"ஏய், அது பொம்மை!"

"பொம்மைதான். ஆனா எங்க அம்மா."

எழில் பொம்மையைக் கீழே வைக்காமல் கைக்குள்ளேயே பொத்திக்கொண்டாள்.

அவள் ஏன் அப்படிச் செய்தாள் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டும். கம்பெனி பஸ் காலையில் புளியந்தாங்கல் பக்கமாகவே வந்து அம்மாவை ஏற்றிக்கொள்ளும். சாயங்காலம் திரும்பி வரும்போது பெருஞ்சாலையின் அந்தப் பக்கத்தில்தான் நிற்கும். மற்ற ஊர்களில் பெண்கள் கூட்டமாக இறங்குவார்கள். அந்த ஊர்களெல்லாம் அந்தப் பக்கமே இருக்கின்றன. புளியந்தாங்கல் மட்டும்தான் இந்தப் பக்கம். அங்கே இறங்கும் ஒரே ஆள் அம்மா. தினமும் அம்மா அந்த அகலமான சாலையைத் தனியாகத் தாண்டித்தான் வீட்டுக்கு வர வேண்டும்.

ஒரே ஒரு நீலக் கோட்டு. ஒரே ஒரு பொட்டு.

"அந்த ரூலை அழிச்சிடலாம்" என்றாள் எழில்.

அழித்தார்கள். வேறு ஒன்றும் எழுதாமல் காரை விட்டுப் பார்த்தார்கள். கார் பொம்மைகளுக்கு அருகில் வந்ததும் இடது பக்கம் ஒரு தரம், வலது பக்கம் ஒரு தரம் என்று குடிகாரனைப் போல ஆடியது. பிறகு எல்லாப் பொம்மைகளையும் தள்ளிவிட்டுச் சுவரில் போய் முட்டியது.

"இது அதைவிட மோசம்!" என்று சூர்யா தலையில் கை வைத்துக்கொண்டான்.

அப்புறம் ஆளுக்கொரு யோசனை சொன்னார்கள். தப்பு செய்தவர் பக்கம் கார் திரும்பட்டும் என்றான் சூர்யா. யார் தப்பு செய்தார்கள் என்று காருக்கு எப்படித் தெரியும் என்று கேட்டாள் எழில். சரி, கார் ரோட்டை விட்டு இறங்கி வயலுக்குள் போகட்டும் என்றான்.

"கார் உள்ள இருக்கறவங்க?"

"நெல்லுப் பயிரு மெத்துன்னுதானே இருக்கும்?"

"வயல்ல கிணறு இருந்தா?"

சூர்யா அந்த யோசனையையும் தூக்கிப் போட்டான்.

கடைசியில் இருவரும் மனோரமா டீச்சரிடமே போனார்கள். "நீங்களே விடையைச் சொல்லிடுங்க டீச்சர்."

டீச்சர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "எனக்குத் தெரியாதும்மா."

"புத்தகத்துல இருக்குமா?"

"கார் கம்பெனிக்காரங்களே இன்னும் சண்டை போட்டுக்கிட்டு இருக்காங்க. தெரிஞ்சிருந்தா நான் ஏன் உங்களைக் கேக்கப்போறேன்?"

டீச்சருக்கே தெரியாத கேள்வி! எழிலுக்குத் தலை சுற்றியது.

அன்று சாயங்காலம் அவள் சாலையோரம் போய் நின்றாள். அந்தப் பக்கம் கம்பெனி பஸ் வந்து நின்றது, கிளம்பியது. அம்மா மட்டும் நின்றார். லாரிகள், கார்கள், ஆம்னி பஸ்கள். அம்மா ஓர் அடி எடுத்து வைத்தார், பின்வாங்கினார். மறுபடியும் அடி எடுத்து வைத்தார். நடுவில் இருந்த திட்டு வரை ஓடி வந்து நின்றார். ஒரு கார் அவருடைய முந்தானையை உரசுவதைப் போலப் போனது. எழில் கண்களை இறுக்கி மூடிக்கொண்டாள்.

"ஏண்டி இங்க வந்து நிக்கிற?" என்று பக்கத்தில் குரல் கேட்டபோதுதான் கண்ணைத் திறந்தாள்.

"அம்மா, பாலத்துக்கு அடியில வரலாமில்ல?"

"அது எங்கியோ இருக்கு. நாள் பூரா மெஷின்ல உக்காந்து முதுகு ஒடியுது. அவ்ளோ தூரம் சுத்திக்கிட்டு வந்தா எப்ப சோறாக்கறது? வா, அப்பா பசியோட இருப்பாரு."

அன்று ராத்திரி எழிலுக்குச் சாப்பாடே இறங்கவில்லை. அம்மாவுக்கு எப்படியும் ஏதாவது செய்தாக வேண்டும். ஒருவர் இருந்தால் கார் அந்தப் பக்கம் திரும்பும். இரண்டு பேர் இருந்தால்? திரும்பாமல் போகலாமில்லையா? அந்தக் கணக்கு அவளுக்குப் பிடித்திருந்தது.

வெள்ளிக்கிழமை பள்ளி விட்டதும் அவள் வீட்டுக்குப் போகவில்லை. சாலையை ஒட்டியே நடந்து, தூரத்தில் பெருஞ்சாலையைத் தாங்கி நின்ற பாலத்துக்கு அடியில் புகுந்தாள். லாரிகூடப் போகக்கூடிய பெரிய பாலம். உள்ளே ஆட்டுப்புழுக்கை வாசனையும் கொசுவும். மறுபக்கம் வந்து, மறுபடியும் சாலையோரமாகவே நடந்து, பஸ் நிற்கும் இடத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது கால் கெஞ்சியது.

பஸ் வந்தது. இறங்கிய அம்மா அவளைப் பார்த்ததும் சாப்பாட்டுப் பையைக் கீழே போட்டுவிட்டார்.

"அடியே! இந்தப் பக்கம் எப்படி வந்த? ரோட்டைத் தாண்டினியா?"

"இல்லம்மா, பாலம் வழியா வந்தேன்."

"எதுக்குடி வந்த?"

"நீ ஒருத்தியா இருந்தா கார் உன்னைத்தான் இடிக்கும். நானும் கூட வந்தா ரெண்டு பேர் ஆயிடுவோம்."

பஸ்ஸுக்குள் இருந்த பெண்கள் எல்லாரும் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தார்கள். அம்மாவின் பக்கத்து மெஷினில் தைக்கும் ஷஹீன் பானு, தலையில் இருந்த துப்பட்டாவைச் சரிசெய்துகொண்டு கேட்டார்: "இன்னா சொல்லுது உன் பொண்ணு? எந்தக் கார்?"

எழில் எல்லாவற்றையும் கொட்டித் தீர்த்தாள். ஷூ பெட்டி, செல்போன் கண், பொட்டு எண்ணுவது, நீலக் கோட்டுப் பொம்மை எல்லாம்.

"பொட்டை வெச்சுத்தான் ஆளை எண்ணுமா?" என்று ஷஹீன் பானு கேட்டார்.

"ஆமாக்கா."

"இங்க பாரு. என் நெத்தியில பொட்டு இருக்கா?"

எழில் பார்த்தாள். இல்லை.

"அப்போ உங்க கார் கணக்குல நான் கிடையவே கிடையாதா?"

எழிலுக்குக் காதெல்லாம் சூடாகிவிட்டது. அவளுடைய பள்ளிப்பையின் வார் அறுந்தபோது அழகாகத் தைத்துக் கொடுத்தது இந்த ஷஹீன் அக்காதான். அவரை எப்படி மறந்தாள்?

"எனக்கும்தான் பொட்டு இல்லை" என்று டிரைவர் சம்பத் உள்ளேயிருந்து குரல் கொடுத்தார். "பட்டையா விபூதி வெச்சிருக்கேன். அதை எண்ணுமா, இல்ல என் மேலயும் ஏத்திடுமா?"

பஸ்ஸே சிரித்தது. எழிலால் சிரிக்க முடியவில்லை. தெரிந்தது என்று நினைத்த ஒன்றிரண்டும் தெரியாமல் போய்விட்டதே என்று அழுகை வந்தது.

அம்மா பையை எடுத்துக்கொண்டார். "சரி, நட. வந்த வழியாவே பாலத்துல சுத்திப் போலாம். உன்னைக் கூட்டிக்கிட்டு இந்த ரோட்டைத் தாண்ட என்னால ஆகாது."

எழில் நகரவில்லை. "அப்போ நீ மட்டும் தாண்டலாமாம்மா?"

பஸ்ஸில் சிரிப்புச் சத்தம் நின்றுபோனது. அந்த நேரம் பார்த்து ஒரு லாரி சீறிக்கொண்டு போனது. அதன் காற்றில் நின்றிருந்த பஸ்ஸே ஒரு குலுங்கு குலுங்கியது.

ஷஹீன் பானுதான் முதலில் பேசினார். "சம்பத் அண்ணே, பாலத்தைச் சுத்தி அந்தப் பக்கம் விட்டுட்டு வந்தா இன்னா?"

"டைம் ஜாஸ்தி ஆகும்மா. டீசல் ஏன் ஜாஸ்தின்னு கம்பெனில வேற கேப்பாங்க."

"கம்பெனில நாங்க எல்லாரும் சேர்ந்து சொல்றோம்."

"நீங்க சொல்லிடுவீங்க!" என்று கடைசி சீட்டிலிருந்து வள்ளியம்மாள் சத்தம் போட்டார். "எனக்குத்தான் கடைசி ஸ்டாப். இப்பவே என் மாடு கறக்க ஆளில்லாம கத்திக்கிட்டு நிக்கும். இன்னும் லேட்டானா தெருவே என்னைத் திட்டும்."

"என் புள்ள டியூஷன் வாசல்ல நிப்பான்" என்றார் ஒருவர். "ஒரு ஆளுக்காக எல்லாரும் லேட்டா போகணுமா?" என்றார் இன்னொருவர். "அந்த ஒரு ஆள் நீயா இருந்தா?" என்று அவரையே ஒருவர் மடக்கினார். எல்லாரும் ஒரே நேரத்தில் பேச ஆரம்பித்தார்கள். யார் யார் பக்கம் என்றே தெரியவில்லை. சம்பத் ஹாரனை அடித்துப் பார்த்தார். யாரும் அடங்கவில்லை.

இன்னொரு லாரி போனது. பஸ் மறுபடியும் குலுங்கியது. வள்ளியம்மாள் ஜன்னல் வழியாகச் சாலையைப் பார்த்தார். பிறகு கீழே நின்ற இரண்டு பேரையும் பார்த்தார்.

"பேஜாரு புடிச்ச ரோடு" என்று முணுமுணுத்தார். "சம்பத், வண்டியைச் சுத்துப்பா. மாடு கொஞ்ச நேரம் கத்தட்டும்."

"இன்னிக்கு மட்டுமா?" என்று சம்பத் கேட்டார்.

"இன்னிக்கு மட்டும்னா நாளைக்கு இந்தப் பொண்ணு மறுபடியும் நடந்து வந்து நிக்கும். தினம்தான்!"

எழிலும் அம்மாவும் ஏறிக்கொண்டார்கள். பஸ் பாலத்துக்கு அடியில் புகுந்து மறுபக்கம் வந்தது. வழியெல்லாம் எழில் குழம்பிக்கொண்டே வந்தாள். கார் கணக்கில் நிறைய பேருக்காக ஒருவர் அடிபட்டார். இங்கே ஒருவருக்காக நிறைய பேர் லேட்டாகப் போகிறார்கள். இது எந்தக் கணக்கு? அவளுக்குப் பிடிபடவே இல்லை. ஆனால் அம்மா புளியந்தாங்கல் பக்கமே இறங்கியபோது நெஞ்சு லேசானது.

சனிக்கிழமை காலை மனோரமா டீச்சர் அவர்கள் இருவரையும் வேலூர் பஸ்ஸில் ஏற்றினார். காருக்குள் இன்னும் ஒரு ரூலும் இல்லை.

"பொட்டு வேண்டாம் டீச்சர்" என்றாள் எழில். "முன்னாடி எது நின்னாலும் ஆள்னே நினைச்சுக்கட்டும்."

"ஆடு, மாடு நின்னா?"

"அதையும்தான். அப்புறம், ரோட்டோரம் பஸ் நின்னா, பின்னாடி யாரோ இறங்கறாங்கன்னு நினைச்சு கார் மெதுவாயிடணும்."

டீச்சர் மடிக்கணினியில் அதை எழுத உதவினார். "அப்படியும் நிக்க முடியலைன்னா?" என்று கேட்டார்.

எழில் உதட்டைப் பிதுக்கினாள். சூர்யா மட்டும் திடீரென்று நிமிர்ந்து உட்கார்ந்தான். "கத்தட்டும் டீச்சர்! செல்போன்ல ஸ்பீக்கர் இருக்கில்ல?"

சொன்னதோடு நிற்காமல் செல்போனைக் கையில் எடுத்து, தொண்டை கிழியக் கத்திப் பதிவு செய்தான்: "ஓடுங்க! ஓடுங்க! பிரேக் பிடிக்கலை!"

அடுத்து என்ன நடந்தது தெரியுமா? கண்டக்டர் பதறிப்போய் விசிலை ஊத, டிரைவர் ஓரங்கட்டிப் பஸ்ஸை நிறுத்திவிட்டார். முன் சீட்டில் இருந்த பெரியவர் இறங்கியே ஓடிவிட்டார். டீச்சர் எல்லாரிடமும் மன்னிப்புக் கேட்டு முடிப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது.

கண்காட்சியில் நடுவர் ஒருவர் வந்தார். உயரமான மனிதர். சட்டைப் பையில் வரிசையாகப் பேனாக்கள். மேசையில் நிறுத்தியிருந்த அட்டை பஸ் அருகில் கார் மெதுவாகப் போவதைப் பார்த்துத் தலையாட்டினார். பிறகு பொம்மைகளைப் பார்த்தார்.

"ரொம்ப வேகமா வருது. பிரேக் பிடிக்கலை. இந்தப் பக்கம் அஞ்சு பேர், அந்தப் பக்கம் ஒருத்தர். உங்க கார் இன்னா பண்ணும்?"

சூர்யா காரைத் தள்ளிவிட்டான். மேசையில் இருந்த கார் விர்ரென்று அவரை நோக்கி வந்தது. "ஓடுங்க! ஓடுங்க! பிரேக் பிடிக்கலை!" என்று அலறியது. நடுவர் 'ஐயோ' என்று பின்னால் ஒரே தாவு தாவினார்.

"பாத்தீங்களா சார்? நீங்களே நகர்ந்துட்டீங்க!" என்றான் சூர்யா பெருமையாக.

நடுவர் விழுந்த பேனாவைப் பொறுக்கிக்கொண்டே சிரித்தார். ஆனால் விடவில்லை. "நான் நகர்ந்துட்டேன். நகர முடியாதவங்களா இருந்தா?"

எழில் டீச்சரைப் பார்த்தாள்.

"தெரியலை சார்" என்றாள் எழில். "கம்மியா இருக்கற பக்கம் திரும்பணும்னு முதல்ல எழுதினோம். அந்தப் பக்கம் இருந்தது எங்க அம்மா. அதை அழிச்சோம். அப்போ எல்லாரும் விழுந்துட்டாங்க. இன்னும் யோசிச்சிக்கிட்டுதான் இருக்கோம்."

நடுவர் நீலக் கோட்டுப் பொம்மையைக் கையில் எடுத்தார். இடது பக்கம் வைக்கப் போனார், வைக்கவில்லை. வலது பக்கம் கொண்டுபோனார், அங்கேயும் வைக்கவில்லை. கடைசியில் அதைப் பத்திரமாக அட்டை பஸ்ஸுக்குள் உட்கார வைத்துவிட்டு அடுத்த மேசைக்குப் போனார்.

பரிசு கிடைத்ததா என்று கேட்கிறீர்களா? வழக்கம்போலப் புகை கக்கும் எரிமலை மாடலுக்குத்தான் கிடைத்தது. சூர்யா அரை மணி நேரம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தான். டீச்சர் லெமன் சோடா வாங்கிக் கொடுத்ததும் சரியாகிவிட்டான்.

அன்று சாயங்காலம் எழில் புளியந்தாங்கல் பக்கம் சாலையோரம் நின்றாள். எதிர்ப் பக்கம் பஸ் வந்தது. நிற்கவில்லை. அவளுக்குப் பக்கென்றது. அப்புறம்தான் பாலத்தின் பக்கமிருந்து பழகிய ஹாரன் சத்தம் கேட்டது. பஸ் தூசியைக் கிளப்பிக்கொண்டு இந்தப் பக்கம் வந்து, அவளுக்கு முன்னாலேயே நின்றது.

அம்மா நிதானமாக இறங்கினார். ஓடவில்லை, பின்வாங்கவில்லை. நாலே அடியில் மகளின் பக்கத்தில் வந்து நின்றார்.

ஷஹீன் பானு ஜன்னலில் எட்டிப் பார்த்தார். "இன்னா எழிலு, உங்க கார் இப்பவாவது என்னை எண்ணுதா?"

"எண்ணுதுக்கா! டிரைவர் அண்ணனையும் சேர்த்து எண்ணுது."

பஸ் கிளம்பியது. கடைசி ஜன்னலிலிருந்து வள்ளியம்மாளின் குரல் வந்தது. "அங்க ஒருத்தி எனக்காகக் கத்திக்கிட்டு நிக்கிறாளே, அவளை?"

எழில் இரண்டு கைகளையும் வாயருகே குவித்துக்கொண்டு கத்தினாள்: "உங்க மாட்டையும் எண்ணியாச்சு!"